ஆங்கர் பீர் ஆலை ஏன் மூடப்பட்டது? ஸ்டீம் பீரின் கதையும் கணக்கும்

2023 ஜூலை 12 அன்று, சான் பிரான்சிஸ்கோவின் ஆங்கர் பிரூயிங் கம்பெனி ஆலையை மூடிச் சொத்துகளை விற்கப்போவதாக அறிவித்தது. 1896-இலிருந்து அந்தப் பெயரில் இருந்த ஆலை அது. சின்ன ஆலைகள் தங்கள் பாணியில் காய்ச்சி, கிராஃப்ட் பீர் என்று இன்று உலகம் முழுக்க விற்கப்படுவதற்கெல்லாம் மூலம் எது என்று கேட்டால், பீர் வரலாறு எழுதுபவர்களில் பெரும்பாலோர் கைகாட்டும் இடமும் அதுதான். அடுத்த வருஷம் மே 31 அன்று, சோபானி தயிர் நிறுவனத்தை உருவாக்கிய ஹம்தி உலுகயா அதை விலைக்கு வாங்கினார்.

இந்த இரண்டு செய்திகளையும் படித்தவர்களுக்குச் சில கேள்விகள் எழுந்தன. ஸ்டீம் பீர் என்றால் என்ன? இவ்வளவு பெயர் பெற்ற ஆலை எப்படி நஷ்டத்தில் போகும்? கிராஃப்ட் பீரின் காலமே முடிந்துவிட்டதா? தயிர்க்காரருக்கு பீர் ஆலை எதற்கு?

"கொரோனா, விலைவாசி, போட்டி" என்று நிர்வாகம் சொன்ன காரணங்கள் பொய்யில்லை. ஆனால் அதே காலத்தில் அதே ஊரில் வேறு சின்ன ஆலைகள் பிழைத்திருக்கின்றன. ஆங்கரின் சிக்கல் அதன் பீர் செய்யும் முறையிலும், அந்த முறைக்கு ஏற்காத வளர்ச்சியை அதன்மேல் ஏற்றியதிலும் இருக்கிறது. அதைப் புரிந்துகொள்ள பீர் எப்படி ஆகிறது என்பதிலிருந்து தொடங்க வேண்டும்.

பீர் ஆகும் விதம்

பார்லியை ஊறவைத்து, முளைகட்ட விட்டு, காயவைத்தால் கிடைப்பது மால்ட். அதை உடைத்து வெந்நீரில் ஊறப்போட்டால் மாவுச்சத்து சர்க்கரையாக மாறும். அந்த இனிப்புச் சாற்றை வடித்தெடுப்பார்கள். அதற்கு வோர்ட் என்று பெயர். வோர்ட்டைக் கொதிக்கவைக்கும்போது ஹாப்ஸ் என்ற கொடியின் பூக்களைப் போடுவார்கள். கசப்பும் வாசனையும் அதிலிருந்து வருகின்றன; பீர் சீக்கிரம் கெடாமலும் அது பார்த்துக்கொள்கிறது. பிறகு ஆறவைத்து ஈஸ்ட் சேர்த்தால், ஈஸ்ட் சர்க்கரையைத் தின்று ஆல்கஹாலையும் கரியமில வாயுவையும் விடும்.

இதில் நமக்கு முக்கியமானது ஈஸ்ட். அதில் பெரிய பிரிவுகள் இரண்டு.

1. ஏல் ஈஸ்ட். ஏறக்குறைய 18 முதல் 22 டிகிரி செல்சியஸில் சுறுசுறுப்பாக வேலை செய்யும். சில நாளில் நொதித்து முடிந்துவிடும். பழ வாசனை வரும்.

2. லாகர் ஈஸ்ட். குளிரை விரும்புவது. 8 முதல் 13 டிகிரியில் மெதுவாக நொதிக்கும். அதன்பின் உறைநிலைக்கு அருகில் பல வாரம் கிடக்க வேண்டும். சுவை துல்லியமாக, சுத்தமாக இருக்கும்.

மார்கழிக் குளிரில் இட்லி மாவு பொங்க மறுப்பதும் சித்திரையில் சட்டியை மீறி வழிவதும் நம் வீடுகளில் தெரிந்த விஷயம். அதே நுண்ணுயிர், வேறு வெப்பம், வேறு விளைவு. ஸ்டீம் பீர் முழுக்க இந்த ஒரு உண்மையின்மேல் நிற்கிறது.

ஐஸ் இல்லாத ஊரின் பீர்

1848-இல் கலிஃபோர்னியாவில் தங்கம் கிடைத்தது. கூட்டம் குவிந்தது. அதில் ஜெர்மானியர்களும் இருந்தார்கள். அவர்களுக்குத் தெரிந்த பீர் லாகர். ஆனால் லாகருக்குக் குளிர் வேண்டும். பவேரியாவில் குளிர்காலத்தில் ஏரியில் ஐஸை வெட்டிக் குகையில் அடுக்கிவைக்கலாம். சான் பிரான்சிஸ்கோவில் ஏரி உறைவதில்லை. அன்று ரஷ்யர் வசம் இருந்த அலாஸ்காவின் சிட்காவிலிருந்து கப்பலில் ஐஸ் வந்தது. அது பீர் ஆலைக்குக் கட்டுப்படியாகும் பொருள் இல்லை. இயந்திரக் குளிரூட்டல் பரவ இன்னும் சில பத்தாண்டுகள் இருந்தன.

ஆகவே அவர்கள் லாகர் ஈஸ்ட்டை வைத்துக்கொண்டே ஏல் வெப்பத்துக்கு அருகில், அதாவது சுமார் 15 முதல் 18 டிகிரியில், பீர் காய்ச்சினார்கள். பசிபிக் கடலிலிருந்து வரும் பனிமூட்டம் அந்த ஊரின் காற்றை வருஷம் முழுக்க மிதமாக வைத்திருப்பது அவர்களுக்குக் கைகொடுத்தது. நொதிக்கும்போது திரவம் தானே சூடாகும். ஆழமான தொட்டியில் அந்தச் சூடு வெளியேற வழியில்லாமல் தங்கிவிடும். அதனால் ஆழம் குறைந்த, அகலமான, மேலே திறந்த தொட்டிகளைப் பயன்படுத்தினார்கள். பரப்பு அதிகமானால் சூடு சீக்கிரம் போகும்.

அடுத்தது வாயு. நொதித்து முடிந்த பீரில், நொதித்துக்கொண்டிருக்கும் இளம் பீரைக் கொஞ்சம் கலந்து பீப்பாயை அடைத்துவிடுவார்கள். மிச்சச் சர்க்கரையை ஈஸ்ட் உள்ளேயே தின்று வாயுவை நிரப்பும். வெப்பமான இடத்தில் வைத்திருந்ததால் பீப்பாய்க்குள் அழுத்தம் எக்கச்சக்கமாக ஏறும். குழாயை அடித்துத் திறக்கும்போது புஸ்ஸென்று சீறிக்கொண்டு வரும். ஸ்டீம் என்ற பெயருக்கு இதைத்தான் அதிகம் பேர் காரணமாகச் சொல்கிறார்கள். மொட்டைமாடித் தொட்டிகளில் ஆறும் வோர்ட்டிலிருந்து எழுந்த ஆவிதான் காரணம் என்று சொல்பவர்களும் உண்டு.

அன்று இது கூலிக்காரர்களின் மலிவு பீர். நல்ல பீர் செய்ய வசதியில்லாதவர்கள் செய்த பீர் என்றுதான் அதற்குப் பெயர். குளிரூட்டும் இயந்திரங்கள் வந்ததும் மற்ற ஆலைகள் ஒவ்வொன்றாக அசல் லாகருக்கு மாறின. கடைசியில் இந்த முறையைப் பிடித்துக்கொண்டிருந்தது ஆங்கர் மட்டும்தான்.

நெருப்பு, டிராம், மதுவிலக்கு

இந்தப் பகுதியை வேகமாகக் கடந்துவிடலாம். ஆனால் தவிர்க்க முடியாது. இந்த ஆலை எத்தனை தடவை செத்துப் பிழைத்தது என்பது இங்கேதான் தெரியும்.

1871-இல் காட்லீப் பிரெக்ல் என்ற ஜெர்மானியர் பசிபிக் தெருவில் இருந்த ஒரு பழைய மதுக்கூடத்தை வாங்கி ஆலையாக மாற்றினார். 1896-இல் எர்ன்ஸ்ட் பாருத்தும் அவருடைய மருமகன் ஆட்டோ ஷிங்கலும் அதை வாங்கி ஆங்கர் என்று பெயர் வைத்தார்கள். 1906 பிப்ரவரியில் பாருத் இறந்தார். அதே வருஷம் ஏப்ரல் 18 அன்று நிலநடுக்கம். அதைத் தொடர்ந்த தீயில் ஆலை எரிந்தது. 1907-இல் புது ஆலை எழும்பும் சமயத்தில் ஷிங்கல் டிராமில் அடிபட்டு இறந்தார். 1920-இல் நாடு முழுக்க மதுவிலக்கு, கதவடைப்பு. 1933-இல் விலக்கு நீங்கியதும் ஜோ கிராஸ் என்பவர் மறுபடி திறந்தார். ஒரு வருஷத்துக்குள் அதுவும் தீக்கிரையானது. ஜோ ஆலன் என்ற கூட்டாளியைச் சேர்த்துக்கொண்டு இன்னொரு இடத்தில் தொடங்கினார். 1959-இல் ஆலன் மூடினார். 1960-இல் லாரன்ஸ் ஸ்டீஸ் வாங்கித் திறந்தார்.

1959 மூடலுக்குக் காரணம் தீயோ சட்டமோ இல்லை. வாங்க ஆளில்லை. தேசம் முழுக்க ஒரே மாதிரி வெளிர்நிற லாகரைப் பெரிய கம்பெனிகள் தொலைக்காட்சி விளம்பரத்தோடு விற்ற காலம் அது. ஊருக்கு ஊர் இருந்த ஆலைகள் வரிசையாக மறைந்தன. 1970-களின் கடைசியில் அமெரிக்கா முழுவதிலும் மிஞ்சியிருந்த பீர் ஆலைகள் நூறுக்கும் குறைவு. இன்று ஒன்பதாயிரத்துக்கும் மேல். இந்த இரண்டு எண்களுக்கும் நடுவில் ஆங்கர் நிற்கிறது.

வாஷிங் மெஷின் குடும்பத்து இளைஞர்

1965-இல் ஃபிரிட்ஸ் மேடேக்குக்கு 27 வயது. மேடேக் வாஷிங் மெஷின் கம்பெனியைத் தொடங்கியவரின் கொள்ளுப் பேரன், ஸ்டான்ஃபோர்டில் படித்தவர். அவர் வழக்கமாகப் போகும் ஓல்ட் ஸ்பெகட்டி ஃபேக்டரி என்ற உணவகத்தின் முதலாளி, உனக்குப் பிடித்த இந்த பீரின் ஆலை இந்த வாரம் மூடப்போகிறது, போய் ஒரு தடவை பார்த்துவிடு என்றார். போய்ப் பார்த்தவர் 51 சதவீதப் பங்கை சில ஆயிரம் டாலருக்கு வாங்கிவிட்டார். 1969-இல் முழு ஆலையும் அவர் கைக்கு வந்தது.

அவர் வாங்கியபோது பாட்டில் கிடையாது; பீப்பாய் மட்டும்தான். அந்த பீரும் அடிக்கடி புளித்துப்போகும். பீர் புளிப்பதற்குக் காரணம் பெரும்பாலும் தேவையில்லாத பாக்டீரியா. கழுவ முடியாத மூலைகள், பழைய குழாய்கள், ஆலையின் காற்று என்று அது எங்கே வேண்டுமானாலும் குடியிருக்கும். மேடேக் ஒரு நுண்நோக்கியை வாங்கிவைத்துக்கொண்டு உட்கார்ந்தார். நுண்ணுயிர் விஞ்ஞானி லூயி பாஸ்ச்சர் பீரைப் பற்றி எழுதியதைப் படித்தார். துரு ஏறிய சாமான்களை ஒவ்வொன்றாக மாற்றினார். மலிவுக்காகச் சேர்த்த சர்க்கரைப் பாகை நிறுத்தி, முழு மால்ட்டுக்குப் போனார். 1971-இல்தான் ஆங்கர் ஸ்டீம் பாட்டிலில் வந்தது. ஆலை லாபம் பார்க்கப் பத்து வருஷம் ஆனது. குடும்பச் சொத்து இல்லாத ஒருவரால் அவ்வளவு காலம் தாங்கியிருக்க முடியாது. அதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் பணம் இருந்த எத்தனையோ பேர் இந்த வேலையைச் செய்யவில்லை என்பதும் உண்மை.

1979-இல் பொட்ரேரோ ஹில் பகுதியில், 1937-இல் காப்பிக்கொட்டை வறுப்பதற்காகக் கட்டிய ஒரு கட்டடத்துக்கு ஆலை மாறியது. ஜெர்மனியிலிருந்து வந்த செம்புப் பாத்திரங்களைக் கண்ணாடிச் சுவர்களுக்குள் வைத்தார்கள். மால்ட் ஊறுவதற்கு ஒன்று, வடிப்பதற்கு ஒன்று, கொதிப்பதற்கு ஒன்று. ஸ்டீம் பீர் நொதிக்கும் அறை தனி. அங்கே பெரிய தட்டுகளைப் போல விரிந்த தொட்டிகள். திரவத்தின் ஆழம் இரண்டடி அளவுதான். மேலே மூடி இல்லை. வடிகட்டிய குளிர்ந்த காற்று அறைக்குள் வந்துகொண்டே இருக்கும். சுத்தம் தவறினால் மொத்தத் தொட்டியும் போச்சு. இதே அளவு பீரை இன்றைய ஆலைகள் ஒரு உயரமான, மூடிய, கூம்பு அடிப்பாகமுள்ள எஃகு உருளையில் செய்துவிடும். அதற்குத் தேவையான தரையிடம் இதில் ஒரு சிறு பங்கு. இந்த வித்தியாசத்தை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். கணக்குப் பகுதியில் மறுபடி வரும்.

ஆங்கரின் பீர்கள்

ஸ்டீம் பீர்: 4.9 சதவீத ஆல்கஹால். செம்புநிறம். மால்ட்டின் லேசான கேரமல் இனிப்பு, அதன் பின்னால் நார்தர்ன் பிரூவர் என்ற ஹாப்ஸ் தரும் மரப்பட்டை போன்ற கசப்பு. லாகரின் சுத்தமும் ஏலின் உடம்பும் ஒரே கோப்பையில் இருக்கும். ஸ்டீம் என்ற சொல்லை ஆங்கர் வணிகமுத்திரையாகப் பதிவுசெய்ததால், இதே முறையில் காய்ச்சும் மற்றவர்கள் தங்களுடையதை கலிஃபோர்னியா காமன் என்கிறார்கள்.

போர்ட்டர்: 1972-இல் வந்தது. லண்டனில் பிறந்த இந்தக் கருப்பு பீர், அந்தக் காலத்தில் சொந்த ஊரிலேயே வழக்கொழிந்துபோயிருந்தது. வறுத்த மால்ட்டால் காப்பி, சாக்லேட் வாசனை. இன்று உலகெங்கும் போர்ட்டர் கிடைப்பதில் இந்த ஆலைக்குப் பங்கு உண்டு.

லிபர்ட்டி ஏல்: என் பார்வையில் ஆங்கரின் மிக முக்கியமான பீர், ஸ்டீமைவிடவும். அமெரிக்க விடுதலைப் போரை ஒட்டி பால் ரெவியர் என்பவர் குதிரையில் போய், பிரிட்டிஷ் படை வருகிறது என்று ஊரை எழுப்பிய இரவின் இருநூறாவது ஆண்டு நிறைவு நாளான 1975 ஏப்ரல் 18 அன்று காய்ச்சியது. அதில் போட்டது கேஸ்கேட் ஹாப்ஸ். 1972-இல் அமெரிக்க ஆராய்ச்சியாளர்கள் வெளியிட்ட புது ரகம்; பம்பளிமாஸ் போன்ற கிரேப்ஃப்ரூட் பழமும் ஆரஞ்சுத்தோலும் கலந்த வாசனை. அன்றைய பெரிய கம்பெனிகளுக்கு அந்த வாசனை அதிகப்படியாகத் தெரிந்தது. மேடேக் அதைக் கொதிநிலையில் போட்டதோடு நிற்கவில்லை. பீர் முதிரும் தொட்டியிலும் உலர்ந்த பூக்களைப் போட்டு ஊறவைத்தார். சூடு படாததால் கசப்பு ஏறாது. வாசனை மட்டும் பீரில் இறங்கும். டிரை ஹாப்பிங் என்ற இந்தப் பழைய ஆங்கிலேய உத்தியை அமெரிக்கப் பூவோடு சேர்த்ததுதான் லிபர்ட்டி ஏல். இன்று ஹாப்ஸ் தூக்கலான ஐ.பி.ஏ. (இந்தியா பேல் ஏல்) என்று எந்த ஊர் மெனுவில் பார்த்தாலும் அந்தப் பழ வாசனைக்கு முன்னோடி இதுதான்.

ஓல்ட் ஃபாக்ஹார்ன்: பார்லிவைன் என்ற கடுமையான பீர் வகை. அடர்த்தியான முதல் சாற்றை மட்டும் எடுத்துக் காய்ச்சுவதால் ஆல்கஹால் இரட்டிப்பாகும். அதே மால்ட்டில் மறுபடி வெந்நீர் ஊற்றி எடுத்த இரண்டாம் சாற்றிலிருந்து மூன்றேகால் சதவீத அளவில் ஸ்மால் பீர் என்ற இலேசான ஒன்றைச் செய்தார்கள். பழைய இங்கிலாந்தின் பண்ணை வீடுகளில் இருந்த வழக்கம் இது.

கிறிஸ்மஸ் ஏல்: 1975 முதல் ஒவ்வொரு வருஷமும் புது செய்முறை, லேபிளில் புது மரம். மரங்களைக் கையால் வரைந்தவர் ஜிம் ஸ்டிட் என்ற ஓவியர். 1980-களின் பிற்பகுதியிலிருந்து மசாலா சேர்ந்த கருமையான பீராக அது மாறியது. என்ன மசாலா என்று ஆலை சொன்னதே இல்லை. பல வருஷத்துப் பாட்டில்களைச் சேர்த்துவைத்து ஒப்பிட்டுக் குடிக்கும் வழக்கமே உருவானது.

இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். 1989-இல், பென்சில்வேனியா பல்கலைக்கழகத்தின் மானுடவியலாளர் சாலமன் காட்ஸோடு சேர்ந்து, சுமேரியரின் நின்காசி தெய்வத்துக்கான துதிப்பாடலில் உள்ள குறிப்புகளை வைத்து ஒரு பீர் காய்ச்சினார்கள். பாடல் கி.மு. 1800 வாக்கில் களிமண் பலகையில் எழுதப்பட்டது. ரொட்டி சுட்டு, அதை ஊறவைத்து, பேரீச்சம்பழம் சேர்த்துச் செய்தது. ஹாப்ஸ் கிடையாது. லாபக் கணக்கில் எந்த வரியிலும் வராத வேலை. இப்படி ஒரு வேலைக்கு ஆலை நேரம் ஒதுக்கியது என்றால், அதை நடத்தியவருக்கு பீர் என்பது என்னவாக இருந்தது என்று புரியும்.

சிறியதாக இருக்கலாம் என்ற முடிவு

1970-களில் தேவை கூடியது. ஆலையால் ஈடுகொடுக்க முடியவில்லை. மேடேக் வேறு ஆலையில் கொடுத்துக் காய்ச்சி வாங்கவில்லை. இருப்பதைப் பங்கிட்டுக் கொடுத்தார். 1990-களின் தொடக்கத்தில் பங்குச்சந்தையில் பணம் திரட்டிப் பெரிதாக்கும் யோசனை வந்து, கடைசியில் வேண்டாம் என்று விட்டுவிட்டார். வளர வேண்டிய கட்டாயம் இல்லை என்ற முடிவு அது.

அறிவையும் பூட்டிவைக்கவில்லை. 1976-இல் சொனோமாவில் நியூ ஆல்பியன் என்ற குட்டி ஆலையைத் தொடங்கிய ஜாக் மெக்காலிஃப், ஆங்கரைப் பார்த்துத்தான் தன்னாலும் முடியும் என்று நம்பினார். அந்த ஆலை 1982-க்குள் மூடிவிட்டாலும் அதைப் பார்த்து வந்தவர்கள் ஏராளம். சிகோ நகரில் கென் கிராஸ்மன் தொடங்கிய சியரா நெவாடா, 1980-இல் முதல் பீரைக் காய்ச்சியது. கேஸ்கேட் ஹாப்ஸை நாடறிய வைத்தது.

சட்டமும் துணைக்கு வந்தது. 1976-இல் சிறு ஆலைகளுக்கு முதல் 60,000 பீப்பாய்க்கு வரி ஒன்பது டாலரிலிருந்து ஏழாகக் குறைந்தது. அமெரிக்கப் பீப்பாய் என்பது சுமார் 117 லிட்டர். 1978-இல் அதிபர் கார்ட்டர் கையெழுத்திட்ட சட்டம் வீட்டில் பீர் காய்ச்சுவதை அனுமதித்தது. வீட்டில் கற்றுக்கொண்டவர்கள்தான் அடுத்த இருபது வருஷத்தில் ஆலைகளைத் திறந்தார்கள்.

கிராஃப்ட் என்றால் யார்?

இது வெறும் அடைமொழி இல்லை. அமெரிக்காவில் சிறு ஆலைகளின் சங்கமான பிரூவர்ஸ் அசோசியேஷன் அதற்கு வரையறை வைத்திருக்கிறது. ஆண்டு உற்பத்தி 60 லட்சம் பீப்பாய்க்கு மேல் போகக் கூடாது. கிராஃப்ட் அல்லாத மது நிறுவனம் ஒன்றின் கையில் 25 சதவீதமோ அதற்கு மேலோ பங்கு இருக்கக் கூடாது.

இந்த இரண்டாவது விதிப்படி, 2017-இல் ஜப்பானின் சப்போரோ பீர் கம்பெனி வாங்கியபோதே ஆங்கர் கிராஃப்ட் பட்டியலிலிருந்து வெளியேறிவிட்டது. அதே செம்புப் பாத்திரம், அதே தொட்டி, அதே ஆட்கள். பட்டியலில் மட்டும் இல்லை. ஆகவே ஆங்கர் மூடியதை வைத்து கிராஃப்ட் பீரின் காலம் முடிந்தது என்று எழுதுவது தப்பு. மூடப்பட்டது ஒரு பன்னாட்டுக் கம்பெனியின் கிளை.

2010 முதல் 2023 வரை: கைமாறிய கணக்கு

2010-இல் மேடேக் ஆலையை கிரிஃபின் குரூப்புக்கு விற்றார். ஸ்கை வோட்கா வியாபாரத்தில் இருந்த கீத் கிரெகரும் டோனி ஃபோலியோவும் நடத்திய முதலீட்டு நிறுவனம் அது. 2013-இல் அவர்கள் துறைமுகத்தின் 48-வது படகுத்துறையில் இரண்டாவது ஆலை கட்டி, உற்பத்தியை ஏறக்குறைய நான்கு மடங்காக்கப்போவதாக அறிவித்தார்கள். அது நடக்கவே இல்லை. 2017-இல் சப்போரோவுக்கு விற்றார்கள். பத்திரிகைகள் சொன்ன விலை 8.5 கோடி டாலர். அப்புறம் ஆறு வருஷத்தில் மூடல். ஏன்? ஒன்றின்மேல் ஒன்றாக ஏறிய காரணங்கள் இவை.

1. விலை கொடுத்து வாங்கியவருக்கு வளர்ச்சி வேண்டும். 8.5 கோடியைப் போட்டவர் அதை எடுக்க வேண்டுமென்றால் விற்பனை பெருக வேண்டும். சில ஆயிரம் டாலருக்கு வாங்கிய மேடேக்குக்கு அந்த நெருக்கடி இருக்கவில்லை. அளவாக ஓடினால் லாபம் தரும் ஆலை, பெரிய கொள்முதல் விலைக்கு ஈடு சொல்ல வேண்டிய நிலைக்கு வந்தது.

2. ஆழமில்லாத தொட்டி நிறைய இடத்தைப் பிடிக்கும். அமெரிக்காவிலேயே நிலமும் கூலியும் மிக உயர்ந்த ஊர்களில் ஒன்றில், பரப்பை அதிகம் தின்னும் முறையில் பீர் செய்தால் ஒவ்வொரு பீப்பாயின் அடக்கவிலையும் கூடும். அதைக் கூடுதல் விலைக்கு விற்கலாம் என்றால், ஸ்டீம் பீர் அலமாரியில் அன்றாட பீராக விலைபோகிறது. விலையை ஓரளவுக்கு மேல் ஏற்ற முடியாது.

3. மூன்றடுக்கு விற்பனை. மதுவிலக்குக்குப் பின் வந்த அமெரிக்கச் சட்டங்களின்படி ஆலை மொத்த வியாபாரியிடம் விற்க வேண்டும், அவர் கடைக்கு விற்க வேண்டும். நாட்டின் மறுகோடிக்கு அனுப்பும் பெட்டியில் ஆலைக்கு மிஞ்சுவது கொஞ்சம். போய்ச் சேர்வதற்குள் புத்துணர்வும் குறையும். ஹாப்ஸ் வாசனை சில மாதத்தில் மங்கிவிடும். புதிய சிறு ஆலைகள் இதிலிருந்து தப்பித்த வழி, ஆலையிலேயே குடிப்பகம் வைத்து நேராக விற்பது. நடுவில் யாருக்கும் பங்கு கொடுக்க வேண்டியதில்லை. ஆங்கர் தன் குடிப்பகத்தைத் திறந்தது 2010-களின் கடைசியில்தான். ரொம்பத் தாமதம்.

4. வாரிசுகள் முன்னால் போய்விட்டார்கள். லிபர்ட்டி ஏல் தொடங்கிவைத்த வாசனைப் போட்டியில் பிறகு வந்த ஐ.பி.ஏ.க்கள் பல மடங்கு தீவிரமானவை. ஒரு பக்கம் அந்தக் கலங்கல் ஐ.பி.ஏ.க்கள், இன்னொரு பக்கம் பழச்சுவை சோடா போன்ற ஹார்ட் செல்ட்சர். நடுவில் நிதானமான செம்புநிற பீருக்கு அலமாரியில் இடம் சுருங்கியது.

5. கொரோனா. ஆங்கரின் பலம் மதுக்கூடங்களிலும் உணவகங்களிலும் குழாயில் ஓடும் பீர். 2020-இல் அவை மூடின. அலுவலகக் கூட்டம் நகரத்துக்குத் திரும்புவதும் சான் பிரான்சிஸ்கோவில் மிக மெதுவாகவே நடந்தது.

6. லேபிள் மாற்றம். 2021-இல் கையால் வரைந்த பழைய லேபிள்களை எடுத்துவிட்டு, பளிச்சென்ற நிறத்தில் பெரிய எழுத்தோடு புதியதைப் போட்டார்கள். தூரத்திலிருந்தே தெரியட்டும் என்பது நோக்கம். பழைய வாடிக்கையாளர்கள் கொதித்துப்போனார்கள். இது ஆலையை மூடவைக்கவில்லை. ஆனால் ஆங்கரை வாங்குபவர்கள் எதற்காக அதை வாங்குகிறார்கள் என்பது நிர்வாகத்துக்குத் தெரியவில்லை என்பதற்கு இதைவிட நல்ல சாட்சி கிடைக்காது.

7. சப்போரோவுக்கு வேறு ஆலை கிடைத்தது. தன் சொந்த பீரை அமெரிக்க மண்ணிலேயே காய்ச்ச வேண்டும் என்பது சப்போரோவின் நெடுநாள் திட்டம். பொட்ரேரோ ஹில்லின் பழைய செம்புப் பாத்திரங்கள் அதற்கு ஒத்துவராது. 2022-இல் சான் டியேகோ பக்கத்து ஸ்டோன் பிரூயிங்கை 16.5 கோடி டாலர் என்று சொல்லப்பட்ட விலைக்கு வாங்கியது. கலிஃபோர்னியாவிலும் வர்ஜீனியாவிலும் பெரிய நவீன ஆலைகள் அதற்கு உண்டு. அதன்பின் ஆங்கரைச் சுமக்க வேண்டிய அவசியம் சப்போரோவுக்குக் குறைந்தது.

இவற்றில் நான் கனமாக நினைப்பது முதலாவதும் ஏழாவதும். மற்றவை எல்லாம் ஒரு ஆலையை இளைக்கவைக்கும். இந்த இரண்டும்தான் மூட வைத்தன. 2023 ஜூனில் கலிஃபோர்னியாவுக்கு வெளியே விற்பனையை நிறுத்துவதாகவும், அந்த வருஷம் கிறிஸ்மஸ் ஏல் வராது என்றும் சொன்னார்கள். ஊரோடு சுருங்கிப் பிழைக்கும் வழி அதுவாக இருந்திருக்கலாம். அந்த வழி வேலை செய்கிறதா என்று பார்க்க ஒரு மாத அவகாசம்கூடக் கொடுக்கவில்லை.

தொழிலாளர்களும் புது முதலாளியும்

ஆங்கரின் தொழிலாளர்கள் 2019 மார்ச்சில் 31-க்கு 16 என்ற வாக்கில் துறைமுகத் தொழிலாளர் சங்கமான ஐ.எல்.டபிள்யூ.யு.வில் சேர்ந்தார்கள். சம்பளத்தை வைத்து அந்த ஊரில் வாடகை கட்ட முடியவில்லை என்பது முக்கியக் குறை. சங்கம் வந்ததால்தான் ஆலை மூடியது என்று சிலர் எழுதினார்கள். மேலே உள்ள ஏழில் அதைச் சேர்க்காததற்குக் காரணம், கணக்கு அப்படிச் சொல்லவில்லை என்பதுதான். மூடல் செய்தி வந்ததும், தாங்களே கூட்டுறவாகச் சேர்ந்து ஆலையை வாங்கி நடத்துகிறோம் என்று முன்வந்தவர்களும் அதே தொழிலாளர்கள்தான். அது கைகூடவில்லை.

உலுகயா வாங்கியது சோபானியின் பெயரில் இல்லை. தன் குடும்ப முதலீட்டு நிறுவனமான ஷெப்பர்ட் ஃபியூச்சர்ஸ் வழியாக. துருக்கியிலிருந்து வந்த குர்து இனத்தவர். 2005-இல் நியூயார்க் மாநிலத்தின் சவுத் எட்மெஸ்டன் என்ற சிற்றூரில் கிராஃப்ட் (Kraft) என்ற பெரிய உணவுக் கம்பெனி கைவிட்ட தயிர் ஆலையை வாங்கி, அங்கே மிச்சமிருந்த சில தொழிலாளர்களோடு தொடங்கியவர். மூடிக் கிடக்கும் ஆலையில் என்ன மிச்சமிருக்கிறது என்று பார்க்கத் தெரிந்தவர் என்பதால், தயிர்க்காரருக்கு பீர் ஆலை எதற்கு என்ற கேள்விக்கு ஓரளவு விடை இதில் இருக்கிறது. செய்முறைகள், செம்புப் பாத்திரங்கள், பொட்ரேரோ ஹில் கட்டடம் எல்லாம் அந்த விற்பனையில் அவர் கைக்கு வந்தன.

மறுபடி காய்ச்ச என்ன வேண்டும்?

செய்முறைத் தாள் மட்டும் போதாது. இந்த பீருக்கு மூன்று விஷயங்கள் தேவை.

ஒன்று, ஈஸ்ட். சான் பிரான்சிஸ்கோ லாகர் என்ற பெயரில் இந்த வகை ஈஸ்ட்டை ஆய்வுக்கூடங்கள் பல வருஷமாக விற்கின்றன. உலகில் எங்கே வேண்டுமானாலும் கலிஃபோர்னியா காமன் காய்ச்சலாம். இதில் சிக்கல் இல்லை.

இரண்டு, ஆழமில்லாத தொட்டி அறை. இங்கேதான் ஆசை வரும். உயரமான எஃகு உருளைக்கு மாறினால் செலவு குறையலாம், இடம் மிச்சமாகும். ஆனால் உருளையில் திரவத்தின் அழுத்தம் மாறும், ஈஸ்ட் நடந்துகொள்ளும் விதம் மாறும், வாசனை மாறும். அப்படிச் செய்தால் அது நல்ல பீராகவே இருக்கலாம். ஆங்கர் ஸ்டீமாக இருக்காது. அந்த அறையைத் தொடக்கூடாது என்பது என் உறுதியான கருத்து.

மூன்று, தூரம். ஆலையின் குடிப்பகம், சான் பிரான்சிஸ்கோ வளைகுடாப் பகுதி, மிஞ்சினால் கலிஃபோர்னியா. அதற்குள் விற்கும் அளவுக்குக் காய்ச்சினால் மொத்த வியாபாரியின் பங்கும் லாரிச் செலவும் குறையும், பீரும் புதிதாக இருக்கும். மேடேக் காலத்தில் நியூயார்க்குக்கு எவ்வளவு அனுப்பலாம் என்பதை ஆலையின் கொள்ளளவு தீர்மானித்தது. 2017-க்குப் பிறகு, எவ்வளவு காய்ச்ச வேண்டும் என்பதை விற்பனை இலக்கு தீர்மானித்தது. புது முதலாளி இந்த வரிசையை எப்படி வைக்கிறார் என்பதைத்தான், ஆலையின் கதவு திறக்கும் நாளைவிட, நான் கவனிக்கப்போகிறேன்.